கணவருக்காக மனைவி, மகனுக்காக மாமா... இன்னொருவர் சார்பில் கோர்ட்டில் மனு போட யாருக்கு அனுமதி?

2024-ம் ஆண்டில் இரண்டு வழக்குகள். ஒன்று டெல்லியில், இன்னொன்று சென்னையில்.

டெல்லி உச்ச நீதிமன்றத்தில், உத்தரப் பிரதேசத்தைச் சேர்ந்த ஒருவரின் பெயரில் மேல்முறையீட்டு மனு ஒன்று விசாரணையில் இருந்தது. மனு, வக்காலத்து, பிரமாணப் பத்திரம் என்று காகிதங்கள் எல்லாம் கச்சிதமாக இருந்தன. ஆனால், மனுதாரர் என்று சொல்லப்பட்டவரே ஒரு கட்டத்தில், தான் அப்படி ஒரு மனுவைப் போடவே இல்லை, அந்த வழக்கறிஞர்களை நியமிக்கவும் இல்லை என்று சொல்லிவிட்டார். நிதிஷ் கட்டாரா கொலை வழக்கின் சாட்சி ஒருவரை வேறொரு வழக்கில் சிக்கவைக்க, இவருடைய பெயர் பயன்படுத்தப்பட்டிருக்கலாம் என்ற சந்தேகம் எழுந்தது. நாட்டின் மிக உயர்ந்த நீதிமன்றத்திலேயே இப்படியா என்று அதிர்ந்த நீதிபதிகள், செப்டம்பர் மாதம் சி.பி.ஐ விசாரணைக்கு உத்தரவிட்டனர்.

சென்னை வழக்கு இதற்கு நேர் எதிரானது. கணவர் கோமாவில் படுத்திருக்கிறார். சிகிச்சைக்காகப் பெரும் தொகை செலவாகிவிட்டது. அவர் பெயரில் ஒரு கோடி ரூபாய்க்கும் மேல் மதிப்புள்ள சொத்து இருக்கிறது. அதை விற்றோ, அடமானம் வைத்தோதான் அவரையே காப்பாற்ற வேண்டும். ஆனால், கையெழுத்துப் போட வேண்டியவருக்கு நினைவில்லை. அவர் சார்பில் செயல்பட அனுமதி கேட்டு மனைவி உயர் நீதிமன்றத்துக்குப் போனார். முதலில் கிடைத்த பதில், ‘முடியாது’.

ஒரு வழக்கில் யாருக்காக மனு போடப்பட்டதோ, அவருக்கே அது தெரியாது. இன்னொரு வழக்கில், உண்மையாகவே துணை நிற்கும் மனைவிக்குக் கதவு உடனே திறக்கவில்லை. இரண்டு இடங்களிலும் எழுந்தது ஒரே கேள்விதான்: ‘இவருக்காகப் பேச உங்களுக்கு யார் அதிகாரம் கொடுத்தது?’

உறவு மட்டும் போதுமா?

“நான் அவரோட பொண்டாட்டிங்க”, “நான் பெத்த புள்ளைங்க அது”, “அக்கா பையன் துபாய்ல இருக்கான், அவனுக்காக நான் வந்திருக்கேன்” - கோர்ட் வராந்தாக்களில் அடிக்கடி கேட்கும் வார்த்தைகள் இவை. ரேஷன் கடையிலும் பள்ளிக்கூடத்திலும் செல்லுபடியாகும் இந்த உறவு, கோர்ட்டில் தானாகச் செல்லுபடியாவதில்லை.

உரிமையியல் நடைமுறைச் சட்டம் இதற்கு மூன்று வழிகளை வைத்திருக்கிறது. ஒருவர் தன் வழக்கில் தானே நேரில் ஆஜராகலாம். அல்லது, அவரிடம் எழுத்துபூர்வமாக அதிகாரம் பெற்ற முகவர் ஆஜராகலாம். அல்லது, அவர் நியமித்த வழக்கறிஞர் ஆஜராகலாம். கணவன், மனைவி, அண்ணன், மாமா என்ற உறவு இந்தப் பட்டியலில் தனியாக இல்லை. அவர்களும் முகவராக வர வேண்டும் என்றால், கையில் பத்திரம் இருக்க வேண்டும்.

வழக்கைத் தொடங்கும் மனுவில் சம்பந்தப்பட்டவர் கையெழுத்திட வேண்டும் என்பது பொது விதி. அவர் ஊரில் இல்லை அல்லது வேறு நியாயமான காரணத்தால் கையெழுத்திட முடியவில்லை என்றால், அவரிடம் முறைப்படி அதிகாரம் பெற்றவர் கையெழுத்திடலாம். ‘முறைப்படி’ என்ற அந்த ஒரு சொல்லில்தான் பல வழக்குகள் சிக்கிக்கொள்கின்றன.

இது வெறும் காகித வேலை என்று தோன்றலாம். ஆனால், வழக்கில் தோற்றால் செலவுத்தொகை யார் தலையில் விழும்? சமரசம் செய்தால் யாருடைய சொத்து கைமாறும்? பெயர் யாருடையதோ, அவருடையது. அவர் அறையில் இல்லாதபோது அவர் பெயரில் ஒருவர் பேசுகிறார் என்றால், அது அவர் விருப்பப்படிதானா என்று பார்க்க வேண்டிய பொறுப்பு கோர்ட்டுக்கு இருக்கிறது.

வக்காலத்து: கையெழுத்துக்கு முன் ஒரு நிமிடம்

வழக்கறிஞருக்கு நாம் கொடுக்கும் அதிகாரக் கடிதம்தான் வக்காலத்து. ‘வக்காலத்து வாங்காதே’ என்று வீட்டில் திட்டுவதற்குப் பயன்படும் அதே வார்த்தை. சட்டப்படி அது எழுத்தில் இருக்க வேண்டும். கட்சிக்காரரோ, அவரிடம் அதிகாரம் பெற்றவரோ கையெழுத்திட்டிருக்க வேண்டும்.

நடைமுறையில் என்ன நடக்கிறது? அச்சடித்த படிவத்தை நீட்டி, “இங்க ஒரு கையெழுத்து, இங்க ஒரு கையெழுத்து” என்கிறார்கள். பெயர், வழக்கு எண், தேதி எல்லாம் காலி. நம்பிக்கையில் போட்டுக் கொடுத்துவிட்டு வந்துவிடுகிறோம். தப்பான கைகளுக்குப் போனால், அந்த வெற்றுப் படிவத்தை எந்த வழக்கிலும் சேர்த்துவிட முடியும்.

2005-ம் ஆண்டில் ஒரு வழக்கை விசாரித்த உச்ச நீதிமன்றம், வக்காலத்துகளில் வழக்கமாக நடக்கும் தவறுகளைப் பட்டியலே போட்டது. கையெழுத்திட்டவரின் பெயரை எழுதாமல் கட்டத்தைக் காலியாக விடுவது, இன்னொருவர் சார்பில் கையெழுத்திடுபவர் தன் பதவியையும் அதிகாரத்தையும் குறிப்பிடாதது, வழக்கறிஞர் தன் ஒப்புதலைக் கையெழுத்தாகப் பதியாதது, முகவரி இல்லாதது, பவர் பத்திரத்தின் அடிப்படையில் கையெழுத்திட்டுவிட்டு அதன் நகலை இணைக்காதது... இவையெல்லாம் அதில் இருந்தன.

அதே தீர்ப்பில் ஓர் ஆறுதலும் உண்டு. இப்படிப்பட்ட நடைமுறைக் குறைகளுக்காக மட்டுமே ஒருவரின் வழக்கைத் தூக்கி எறிந்துவிடக் கூடாது. சரிசெய்ய வாய்ப்பு கொடுக்க வேண்டும் என்றது உச்ச நீதிமன்றம். வேண்டுமென்றே செய்த குறை, வாய்ப்பு கொடுத்தும் சரிசெய்யாத குறை என்றால் கதை வேறு.

வங்கிகள், நிறுவனங்களுக்கும் இதே சிக்கல் வரும். கடனை வசூலிக்க வங்கி ஒன்று போட்ட வழக்கு, மனுவில் கையெழுத்திட்ட அதிகாரிக்கு அந்த அதிகாரம் இருந்ததாக நிரூபிக்கவில்லை என்ற காரணத்தால் தோற்றுப்போனது. 1996-ல் உச்ச நீதிமன்றம் அதை மாற்றியது. நிறுவனம் தன் நடவடிக்கைகளின் மூலம் அந்தக் கையெழுத்தைப் பின்னர் ஏற்றுக்கொண்டிருந்தாலும் செல்லும் என்றது. ஆனாலும், அடுக்குமாடிக் குடியிருப்போர் சங்கம், ஊர்ப் பொதுச் சங்கம் போன்றவை வழக்குப் போடும்போது, ‘இவர் நம் சார்பில் கையெழுத்திடலாம்’ என்று தீர்மானம் போட்டு நோட்டில் ஏற்றிவிடுவது பிற்பாடு வரும் தலைவலியைத் தவிர்க்கும்.

வக்காலத்துக்கு ஆயுளும் உண்டு. வழக்கு முடியும் வரை அல்லது கோர்ட் அனுமதியோடு ரத்து செய்யும் வரை அது உயிரோடு இருக்கும். கட்சிக்காரரோ வழக்கறிஞரோ இறந்துவிட்டால் முடிந்துவிடும். அப்பா போட்ட நிலத் தகராறு வழக்கு நடந்துகொண்டிருக்கும்போதே அப்பா இறந்துவிட்டால், ‘வக்கீல் பார்த்துப்பார்’ என்று பிள்ளைகள் இருந்துவிடக் கூடாது. இறந்த நாளிலிருந்து 90 நாள்களுக்குள், வாரிசுகளை வழக்கில் சேர்க்கச் சொல்லி மனு போட வேண்டும். இல்லையென்றால் அவரைப் பொறுத்தவரை வழக்கு அற்றுப்போகும். அதை உயிர்ப்பிக்க மேலும் 60 நாள் அவகாசம் உண்டு. அதையும் தாண்டினால், தாமதத்துக்குக் காரணம் சொல்லிக் காத்திருக்க வேண்டியதுதான்.

‘பவர்’ கொடுத்தாச்சு... எதற்கெல்லாம்?

தமிழ்நாட்டில் வெளிநாட்டில் ஆள் இல்லாத தெருவே இல்லை எனலாம். துபாயிலோ சிங்கப்பூரிலோ வேலை பார்க்கும் மகன், ஊரில் இருக்கும் நிலத்துக்காக அம்மாவுக்கோ மாமாவுக்கோ பவர் கொடுத்திருப்பார். பக்கத்து நிலத்துக்காரர் வேலியை நகர்த்துகிறார். மாமா பவர் பத்திரத்தோடு கோர்ட்டுக்கு ஓடுகிறார். அங்கே வழக்கறிஞர் பத்திரத்தைப் புரட்டிப் பார்த்துவிட்டு உதட்டைப் பிதுக்குகிறார். நிலத்தை விற்கவும் வாடகை வசூலிக்கவும்தான் அதில் அதிகாரம் இருக்கிறது. வழக்குப் போட, மனுவில் கையெழுத்திட, வழக்கறிஞரை நியமிக்க என்று ஒரு வரி இல்லை.

பவர் பத்திரத்தில் எழுதியிருப்பதைத் தாண்டி, ‘இதுவும் அதில் அடங்கும்’ என்று கோர்ட் தாராளமாகப் பொருள் கொள்ளாது. எனவே, வழக்கு நடத்தும் அதிகாரம் வேண்டும் என்றால் அதைப் பத்திரத்தில் வெளிப்படையாக எழுத வேண்டும். எந்தச் சொத்து, எந்த எதிராளி, எந்த மாதிரியான வழக்கு, சமரசம் செய்யும் அதிகாரம் உண்டா, பணம் பெறும் அதிகாரம் உண்டா என்று ஒவ்வொன்றாக எழுதுவது நல்லது. தன் வேலையை இன்னொருவருக்குக் கைமாற்றிவிடும் உரிமை முகவருக்கு உண்டா, இல்லையா என்பதையும் சொல்லிவிட வேண்டும்.

வெளிநாட்டில் இருப்பவர் அங்குள்ள இந்தியத் தூதரக அதிகாரி முன்போ, நோட்டரி முன்போ கையெழுத்திட்டு அசல் பத்திரத்தை அனுப்ப வேண்டும். வாட்ஸ்அப்பில் வரும் ஸ்கேன் காப்பியை நம்பி வேலையைத் தொடங்க முடியாது. பத்திரம் இந்தியாவுக்கு வந்து சேர்ந்த மூன்று மாதங்களுக்குள் இங்கே முத்திரைத்தீர்வை செலுத்த வேண்டும் என்கிறது இந்திய முத்திரைச் சட்டம். பீரோவில் வைத்துவிட்டு, வழக்கு வரும்போது எடுத்துக்கொள்ளலாம் என்று நினைப்பவர்கள் தடுக்கி விழும் இடம் இதுதான்.

சரி, எல்லாம் சரியாக எழுதிய பவர் கையில் இருக்கிறது. மாமா என்னவெல்லாம் செய்யலாம்?

மனுவில் கையெழுத்திடலாம். வழக்கறிஞரை நியமித்து வக்காலத்து கொடுக்கலாம். வாய்தாவுக்குப் போகலாம். ஆனால், வக்கீல் மாதிரி நின்று வாதாட முடியாது. குவைத்தில் வசித்த ஒரு தம்பதிக்காக, பவர் வைத்திருந்த ஒருவர் திருவனந்தபுரத்தில் குற்றவியல் வழக்கு ஒன்றில் தானே ஆஜராகி வாதாட விரும்பினார். விவகாரம் உச்ச நீதிமன்றம் வரை போனது. 1999-ல் வந்த தீர்ப்பு: பவர் பத்திரம் ஒருவரை வக்கீலாக்கிவிடாது. வக்கீல் அல்லாத ஒருவர் இன்னொருவருக்காக வாதாட வேண்டும் என்றால், அந்த வழக்குக்கு மட்டும் கோர்ட்டின் முன் அனுமதி வேண்டும். அந்த அனுமதியைக் கேட்க வேண்டியவரும் கட்சிக்காரர்தான், பவர் ஏஜென்ட் அல்ல.

இன்னொரு முக்கியமான எல்லை, சாட்சி சொல்வது. மகன் வெளிநாடு போகும் முன் நண்பனுக்குக் கையில் 3 லட்சம் ரூபாய் கடன் கொடுத்தார் என்று வைத்துக்கொள்வோம். மாமா அந்த இடத்திலேயே இல்லை. பவர் இருக்கிறது என்பதற்காக, ‘பணம் கொடுத்ததை நான் பார்த்தேன்’ என்று அவர் கூண்டில் ஏறிச் சொல்ல முடியுமா? முடியாது. தான் செய்த காரியங்களைப் பற்றித்தான் பவர் ஏஜென்ட் சாட்சி சொல்லலாம். கொடுத்தவருக்கு மட்டுமே தெரிந்த விஷயங்களுக்கு அவருக்குப் பதிலாகச் சாட்சி சொல்ல முடியாது என்று 2004-ல் உச்ச நீதிமன்றம் தெளிவுபடுத்திவிட்டது. நல்ல வழக்குகளும் இந்த இடத்தில் தோற்பது உண்டு.

செக் பவுன்ஸ் வழக்குகளிலும் இதே தர்க்கம்தான். பவர் ஏஜென்ட் மூலம் புகார் கொடுக்கலாம். ஆனால், அந்தக் கொடுக்கல் வாங்கல் பற்றி அவருக்கு நேரடியாகத் தெரிந்திருக்க வேண்டும், அது புகாரிலேயே சொல்லப்பட்டிருக்க வேண்டும் என்று 2013-ல் உச்ச நீதிமன்றம் சொன்னது.

குடும்பநல வழக்குகளில் கோர்ட் பொதுவாகச் சம்பந்தப்பட்டவரை நேரில் பார்க்கவே விரும்பும். கணவன் மனைவி மனமொத்துப் பிரியும் வழக்குகளில் மட்டும், நேரில் வர முடியாதவருக்குப் பதிலாகப் பெற்றோர், உடன்பிறந்தவர் போன்ற நெருங்கிய உறவினர் ஆஜராக அனுமதிக்கலாம், வீடியோ கான்ஃபரன்ஸையும் பயன்படுத்தலாம் என்று 2017-ல் உச்ச நீதிமன்றம் வழிகாட்டியது. அனுமதிப்பது அந்தந்தக் கோர்ட்டின் முடிவு.

கையெழுத்திட்ட கை அசையாதபோது

பவர் பத்திரம் பற்றிப் பலருக்குத் தெரியாத செய்தி ஒன்று உண்டு. கொடுத்தவர் இறந்துவிட்டால் பவரும் முடிந்துவிடும் என்பது ஓரளவு தெரிந்ததுதான். கொடுத்தவருக்கு மனநிலை தவறிவிட்டாலும் அது முடிந்துவிடும் என்கிறது 1872-ம் ஆண்டின் இந்திய ஒப்பந்தச் சட்டம். அந்தச் சொத்தில் முகவருக்கே சொந்த உரிமை ஏதாவது இருந்தால் மட்டும் விதிவிலக்கு உண்டு.

இதில் உள்ள கொடுமையைக் கவனியுங்கள். ‘நாளைக்கு எனக்கு ஞாபக மறதி வந்துவிட்டால் என் மகள் பார்த்துக்கொள்ளட்டும்’ என்று அப்பா இன்றைக்குப் பவர் எழுதி வைக்கிறார். உண்மையிலேயே அந்த நாள் வரும்போது, எதற்காக எழுதினாரோ அப்போது அந்தப் பவரின் அடிப்படையே ஆட்டம் காண்கிறது. நினைவிழந்த பிறகும் தொடரும் பவர் சில நாடுகளின் சட்டங்களில் உண்டு. இந்தியச் சட்டத்தில் அந்த வசதி இல்லை.

சென்னைப் பெண் சந்தித்த சுவரும் இங்கேதான் இருந்தது. கணவரால் இனி யாருக்கும் அதிகாரம் எழுதித் தர முடியாது. 2017-ம் ஆண்டின் மனநலப் பராமரிப்புச் சட்டத்தில் சொத்தை நிர்வகிக்கக் காப்பாளரை நியமிக்க வழி இல்லை. மனுவை விசாரித்த தனி நீதிபதி, உரிமையியல் நீதிமன்றத்தை அணுகும்படி சொல்லி மனுவைத் தள்ளுபடி செய்தார்.

அந்தப் பெண் மேல்முறையீடு செய்தார். நீதிபதிகள் ஜி.ஆர்.சுவாமிநாதன், பி.பி.பாலாஜி அமர்வு வேறு விதமாகப் பார்த்தது. கோமாவில் இருக்கும் ஒருவரைப் பராமரிப்பது சுலபமல்ல. அதற்குப் பணம் வேண்டும், உதவியாளர்கள் வேண்டும். மொத்தச் சுமையையும் சுமப்பவர் மனைவி. அவரை மறுபடி சிவில் கோர்ட்டுக்கு அலையவிடுவது முறையல்ல என்பது அமர்வின் பார்வை. தன்னைத் தானே காத்துக்கொள்ள முடியாத குடிமகனுக்குப் பெற்றோர் இடத்தில் இருந்து முடிவெடுக்கும் அதிகாரம் உயர் நீதிமன்றத்துக்கு உண்டு. அதைப் பயன்படுத்தி, மனைவியைக் கணவரின் காப்பாளராக நியமித்தது. சொத்தை விற்கவோ அடமானம் வைக்கவோ அனுமதி கொடுத்தது.

கூடவே ஒரு நிபந்தனையும் வந்தது. 50 லட்சம் ரூபாயைக் கணவர் பெயரில் வங்கியில் வைப்புத்தொகையாகப் போட வேண்டும். மூன்று மாதத்துக்கு ஒருமுறை வரும் வட்டியை மனைவி எடுத்துக்கொள்ளலாம். மனைவியை நம்பிய கோர்ட், படுக்கையில் இருப்பவரின் பங்கையும் மறக்கவில்லை.

கேரள உயர் நீதிமன்றம் 2019-லேயே இதற்கு விரிவான வழிமுறைகளை வகுத்திருந்தது. நோயாளியின் நிலையை மருத்துவக் குழு உறுதிப்படுத்த வேண்டும், தாசில்தார் அந்தஸ்துக்குக் குறையாத வருவாய் அதிகாரி நேரில் விசாரிக்க வேண்டும், காப்பாளர் ஆறு மாதத்துக்கு ஒருமுறை கணக்கு காட்ட வேண்டும் என்பவை அவற்றில் சில.

இப்படி ஒரு நெருக்கடியில் இருக்கும் குடும்பங்கள் முதலில் சேர்க்க வேண்டியவை: மருத்துவமனை அறிக்கைகள், இதுவரை ஆன செலவுக்கான பில்கள், சொத்து மற்றும் வங்கிக் கணக்குகளின் பட்டியல், வாரிசுகள் அனைவரின் ஒப்புதல். ஒரு பிள்ளை கையெழுத்திட மறுத்தாலும் வழக்கு இழுத்துக்கொண்டே போகும் என்பதால், பேச வேண்டியவர்கள் முதலில் வீட்டுக்குள் பேசிக்கொள்வது நல்லது.

குழந்தையின் பெயரில் வழக்கு

18 வயது நிரம்பாதவர் தானாக வழக்குப் போட முடியாது. பவர் கொடுக்கவும் முடியாது. அதனால், வழக்கு குழந்தையின் பெயரிலேயே இருக்கும். அதை நடத்துபவர் பெரியவர் ஒருவர். கோர்ட் பாஷையில் அவருக்கு ‘நெக்ஸ்ட் ஃபிரெண்ட்’ என்று பெயர். பெரும்பாலும் அப்பாவோ அம்மாவோதான் அந்த இடத்தில் இருப்பார்கள். ஆனால், உறவினராகத்தான் இருக்க வேண்டும் என்றில்லை. மேஜராக, தெளிந்த மனநிலையோடு இருக்க வேண்டும். அவருடைய நலன் குழந்தையின் நலனுக்கு எதிராக இருக்கக் கூடாது. அதே வழக்கில் எதிர்த்தரப்பாக இருக்கக் கூடாது. பாகப்பிரிவினையில் பிள்ளையின் பங்கை அப்பாவே எழுதி விற்றுவிட்டார் என்றால், அந்தப் பிள்ளைக்காக வழக்குப் போட அப்பா வர முடியாது. அம்மாவோ தாத்தாவோ வரலாம்.

பெரியவரின் கையைக் கட்டும் விதிகளும் உண்டு. கோர்ட் அனுமதி இல்லாமல் அவர் சமரசம் செய்ய முடியாது; குழந்தைக்காக வரும் பணத்தை வாங்கவும் முடியாது. விபத்து இழப்பீட்டில் குழந்தையின் பங்கை மேஜராகும் வரை வங்கியில் போட்டு வைக்கச் சொல்வது இதனால்தான். வழக்கு முடிவதற்குள் பிள்ளைக்கு 18 வயதாகிவிட்டால், அதைத் தொடர்வதா கைவிடுவதா என்பதை அந்தப் பிள்ளையே முடிவு செய்யும்.

அனுமதிக்குக் காத்திருக்க வேண்டாத நேரங்கள்

கதவைப் பூட்டி வைத்துவிட்டு, உள்ளே இருப்பவரிடம் கையெழுத்து வாங்கி வா என்று சொல்ல முடியாதல்லவா? சட்டம் அதையும் யோசித்திருக்கிறது.

ஒருவர் சட்டவிரோதமாக அடைத்து வைக்கப்பட்டிருந்தால், அவர் சார்பில் இன்னொருவர் ஆட்கொணர்வு மனு போடலாம். அவரிடம் கையெழுத்து தேவையில்லை. குண்டர் சட்டத்தில் கைதானவருக்காக அம்மாவோ மனைவியோ மனுதாரராக நிற்பது சென்னை உயர் நீதிமன்றத்தில் வழக்கமான காட்சி.

குடும்ப வன்முறைத் தடுப்புச் சட்டத்தில், பாதிக்கப்பட்ட பெண் மட்டுமன்றி, பாதுகாப்பு அலுவலரோ அவர் சார்பில் வேறு யாருமோ மாஜிஸ்திரேட்டிடம் மனு கொடுக்கலாம். செல்போனைக்கூடத் தொட முடியாமல் வீட்டுக்குள் முடங்கியிருக்கும் மகளுக்காக அம்மாவால் போக முடியும்.

பிள்ளைகள் கைவிட்ட முதியவர் ஜீவனாம்சம் கேட்டு, வருவாய்க் கோட்டாட்சியர் தலைமையிலான தீர்ப்பாயத்துக்குப் போகலாம். தானே போக முடியாத நிலையில் இருந்தால், அவர் அனுமதி பெற்ற வேறொருவரோ, அமைப்போ மனு தரலாம். தீர்ப்பாயம் தானாக முன்வந்தும் எடுத்துக்கொள்ளலாம். சாலை விபத்து இழப்பீட்டிலும், காயமடைந்தவரிடம் அல்லது இறந்தவரின் வாரிசுகளிடம் முறையாக அதிகாரம் பெற்ற முகவர் மனு போட முடியும்.

இவை எல்லாவற்றுக்கும் மேலாகப் பொதுநல வழக்கு. அது பிறந்த கதையே இந்த ‘யார் அனுமதி கொடுத்தது’ கேள்வியோடு பின்னியதுதான். 1979-ல் பீகார் சிறைகளில், தண்டனைக் காலத்தைவிட அதிக நாள்கள் விசாரணைக் கைதிகளாகவே கிடந்தவர்களைப் பற்றி ‘இந்தியன் எக்ஸ்பிரஸ்’ நாளிதழில் கட்டுரைகள் வந்தன. அதைப் படித்த வழக்கறிஞர் கபிலா ஹிங்கோரானி, உச்ச நீதிமன்றத்தில் மனு போட முடிவு செய்தார். பாதிக்கப்பட்டவரோ, அவர் உறவினரோதான் மனு போடலாம் என்பது அன்றைய நிலை. கைதிகள் யாரும் அவருக்கு வக்காலத்து கொடுத்திருக்கவில்லை. இருந்தும் உச்ச நீதிமன்றம் மனுவை ஏற்றது. ஹுசைனாரா கதூன் வழக்கு என்று சட்டப் புத்தகங்களில் இடம்பெற்ற அந்த வழக்கால் ஏராளமான விசாரணைக் கைதிகள் வெளியே வந்தார்கள். 2017-ல் உச்ச நீதிமன்ற நூலகத்தில் கபிலாவின் படம் திறந்து வைக்கப்பட்டது. அந்தப் பெருமையைப் பெற்ற முதல் பெண் அவர்தான்.

அதே காலகட்டத்தில், திகார் சிறையில் இருந்த சுனில் பத்ரா என்ற கைதி, சக கைதி சித்ரவதை செய்யப்பட்டதைப் பற்றி நீதிபதிக்கு ஒரு கடிதம் எழுதினார். அந்தக் கடிதமே மனுவாக ஏற்கப்பட்டது. வறுமையாலோ இயலாமையாலோ கோர்ட் படியேற முடியாதவர்களுக்காக, நல்லெண்ணத்தோடு யாரும் வரலாம் என்பதை 1981-ல் உச்ச நீதிமன்றம் இன்னும் விரிவாக உறுதி செய்தது. ‘நல்லெண்ணத்தோடு’ என்பது முக்கியம். சொந்தப் பகைக்காகவோ விளம்பரத்துக்காகவோ பொதுநல மனு போட்டு, அபராதம் கட்டியவர்களும் உண்டு.

கவனிக்க வேண்டியவை

* வெற்று வக்காலத்தில் கையெழுத்து வேண்டாம். கோர்ட், வழக்கு விவரம், பெயர், தேதி நிரப்பிய பிறகே கையெழுத்திட்டு, ஒரு நகல் அல்லது போட்டோ எடுத்து வைத்துக்கொள்ளலாம்.
* கைநாட்டு வைப்பவர் என்றால், உள்ளே இருப்பதைப் படித்துக் காட்டி விளக்கிய பிறகே வைக்கச் சொல்ல வேண்டும்.
* பவர் பத்திரத்தில் வழக்கு நடத்தும் அதிகாரம் தனியாக எழுதப்பட்டிருக்கிறதா என்று பார்க்க வேண்டும். சொத்தை விற்கும் பவர் வழக்குக்குப் போதாமல் போகலாம்.
* நேரில் பார்த்தவர்தான் சாட்சி சொல்ல முடியும். வெளிநாட்டில் இருப்பவர் ஒரு நாள் சாட்சிக்கு வர வேண்டியிருக்கும் அல்லது வீடியோ மூலம் அனுமதி கேட்க வேண்டியிருக்கும் என்பதை முன்பே திட்டமிட வேண்டும்.
* பவரை ரத்து செய்தால் முகவருக்கும் எதிர்த்தரப்புக்கும் கோர்ட்டுக்கும் எழுத்தில் தெரிவிக்க வேண்டும்.
* தன் பெயரில் ஏதாவது வழக்கு இருக்கிறதா என்பதை இ-கோர்ட்ஸ் இணையதளத்திலும் செயலியிலும் பெயரைக் கொடுத்துத் தேடிப் பார்க்கலாம்.
* பெண்கள், குழந்தைகள், பட்டியலின மற்றும் பழங்குடியின மக்கள், மாற்றுத்திறனாளிகள், காவலில் இருப்பவர்கள் ஆகியோருக்கு வருமான வரம்பு பார்க்காமல் இலவச சட்ட உதவி உண்டு. அழைக்க வேண்டிய எண் 15100. எல்லா மாவட்ட நீதிமன்ற வளாகங்களிலும் சட்டப் பணிகள் ஆணைக்குழு அலுவலகம் இருக்கிறது.

டெல்லியில் அந்த மனிதருக்கு, தன் பெயரில் நடக்கும் வழக்கு தெரியாமலே இருந்தது. சென்னையில் அந்தப் பெண், கணவர் பெயரில் ஒரு கையெழுத்துப் போடும் உரிமைக்காக இரண்டு முறை கோர்ட் படியேறினார். இன்று வயதான அப்பாவோ அம்மாவோ தெளிவாகப் பேசிக்கொண்டிருக்கும் வீடுகளில், ‘நடக்கிற வழக்கு என்ன, யார் வக்கீல், பத்திரம் எங்கே இருக்கு, யாருக்குப் பவர் கொடுத்திருக்கீங்க?’ என்ற நான்கு கேள்விகளைக் கேட்டுக் குறித்து வைத்துக்கொள்ள அரை மணி நேரம் போதும்.